சாம்பல்மேடு படங்களில் பிணமாகக் கிடந்தவள்

முதலில் பெயரைச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் ‘சாம்பல்மேடு’ பேய்ப்படத்தின் ஐந்து பாகங்களிலும், டீ கொடுத்தவரிலிருந்து ஜெனரேட்டர் ஓட்டியவர்வரை எல்லாருடைய பெயரும் ஓடுகிற அந்த நான்கு நிமிடங்களில், இந்தப் பெயர் மட்டும் வராது: அஞ்சுகம். சாலிகிராமத்தில் குடியிருக்கும் துணை நடிகை. முதல் பாகத்தில் நடுக்கூடத்தில் பிணமாகக் கிடந்தவள். அவளுக்கு இழைக்கப்பட்ட அநியாயம் இது: கிடந்து முடித்த பிறகு அவளை எழுப்பிச் சிரிக்கச் சொன்னார்கள், அவளும் சிரித்தாள், அந்தச் சிரிப்பைப் பிடித்த கேமராவுக்குள் பிலிம் இல்லை.

இதெல்லாம் ஒரு அநியாயமா என்று கேட்கிறவர்களுக்கு அந்தத் தொழிலின் ஒரு வழக்கத்தைச் சொல்ல வேண்டும். சினிமாவில் பிணமாகப் படுத்தவரைப் பிணமாகவே வீட்டுக்கு அனுப்பக் கூடாது. மூக்குப் பஞ்சை எடுத்து, நெற்றிக் காசை எடுத்து, தாடையைச் சுற்றிய துணியை அவிழ்த்து, கால் கட்டைவிரல்களைச் சேர்த்துக் கட்டிய நூலை அறுத்து, எழுந்து உட்காரவைத்து, கேமராவைப் பார்த்துச் சிரிக்கச் சொல்லி, அதையும் படமெடுத்து, இயக்குநர் தன் வாயால் ‘கட்’ சொன்ன பிறகுதான் ஆளை விடுவார்கள். கடைசியாகப் பதிவாவது உயிரோடு இருக்கும் முகமாக இருக்க வேண்டும், அவ்வளவுதான் கணக்கு. சாமி கும்பிடாதவர்களும் இதைச் செய்வார்கள். கதாநாயகனின் அப்பாவாக நடித்த பெரியவர் பிணமாகக் கிடந்த அன்று அவருடைய சிரிப்புக்கு மட்டும் நாற்பது அடி பிலிம் ஓடியது, இரண்டாவது தடவையும் எடுத்தார்கள், முதல் தடவை அவர் பல்செட் கொஞ்சம் நகர்ந்துவிட்டது என்பதற்காக.

துணை நடிகர்கள் என்றால் வேறு ஏற்பாடு. பிலிமைக் கழற்றிவிட்டு வெறும் கேமராவை ஓட்டுவார்கள். சத்தம் ஒன்றுதானே, லென்ஸுக்கு முன்னால் இருக்கிறவருக்கு என்ன தெரியப்போகிறது? பிலிம் மிச்சம், அவர்கள் மனசுக்கும் திருப்தி. இதை யாரும் கெட்ட எண்ணத்தில் செய்யவில்லை என்று எனக்குப் பல பேர் சொன்னார்கள். நானும் அதைத்தான் சொல்கிறேன். கெட்ட எண்ணம்கூட வைக்காத அளவுக்கு அவர்கள் யாருக்கும் பொருட்டாகப் படவில்லை.

வால்பாறைக்கு மேலே ஒரு எஸ்டேட் பங்களாவில், ஒரு பிப்ரவரி மத்தியானம், பதினொரு டேக் மூச்சடக்கிக் கிடந்துவிட்டு அஞ்சுகம் எழுந்து உட்கார்ந்தாள். அன்று அவளுக்கு முப்பத்தொரு வயதும் நான்கு மாதமும். வீட்டில் விட்டு வந்திருந்த மகள் சுகந்திக்கு ஆறு முடிந்து ஏழு நடந்தது. கேமரா உதவியாளர் தணிகைமலை, “சிரிங்கக்கா” என்றார். அஞ்சுகத்துக்கு மேல்வரிசையில் ஒரு பல் சற்று முன்னால் வந்திருக்கும், அதை மறைக்க உதட்டை இழுத்துக்கொண்டுதான் எப்போதும் சிரிப்பாள். அன்று ஏனோ மறைக்கவில்லை, கழுத்தைச் சாய்த்து முழுசாகச் சிரித்தாள். கேமரா உறுமியது. இயக்குநர் குலோத்துங்கன் அதற்குள் அடுத்த காட்சிக்கு மழை மெஷின் வந்துவிட்டதா என்று பார்க்கப் போயிருந்தார். ‘கட்’ என்று யாரும் சொல்லவில்லை. தணிகைமலை தானாகவே கேமராவை நிறுத்தினார்.

மலையிலிருந்து வேன் இறங்கும்போது எல்லாருக்கும் வியர்த்தது, அவளுக்கு வியர்க்கவில்லை. வீட்டுக்கு வந்து மகளைக் கட்டிக்கொண்டு படுத்தாள். சுகந்தி துள்ளி எழுந்து, “எம்மா, எதிர் வீட்டு ஃப்ரிட்ஜைத் தொட்ட மாதிரி இருக்கு” என்று சொல்லிவிட்டுச் சுவரோரம் நகர்ந்து படுத்தது. அன்றிலிருந்து அஞ்சுகத்துக்கு நாடி இல்லை, மூச்சு இல்லை, நகம் வளரவில்லை, வயது ஏறவில்லை. மற்றபடி சமைத்தாள், குழாயடியில் சண்டை போட்டாள், பஸ்ஸில் நின்றுகொண்டே போனாள், சுகந்திக்குக் கணக்குச் சொல்லிக் கொடுத்தாள்.

அரசு மருத்துவமனை டாக்டர் மணிக்கட்டைப் பிடித்துக் கொஞ்ச நேரம் தேடினார். வெளியே எண்பது பேர் வரிசையில் நின்றார்கள். ரத்தசோகை என்று எழுதி, இரும்புச் சத்து மாத்திரை கொடுத்து, கீரை சாப்பிடச் சொன்னார். ரேஷன் கடையில் கைரேகை மெஷின் வந்த பிறகு அவள் விரலை அது ஒரு தடவையும் ஏற்றுக்கொள்ளவில்லை. கடைக்காரர் ஆச்சரியப்படவில்லை, “பாத்திரம் தேய்க்கிற கையெல்லாம் இப்படித்தாம்மா, பொண்ணை வரச் சொல்லு” என்றார். கோயிலுக்குள் விடலாமா என்று ஒரு பேச்சு எழுந்தது, குருக்கள் யோசித்துவிட்டு, தீட்டு பதினாறு நாளோடு போச்சு, அதுக்கப்புறம் அந்தம்மா எல்லாரையும் மாதிரிதான் என்று தீர்ப்புச் சொன்னார். சித்திரை வெயிலில் தெருப் பெண்கள் அவளைச் சுற்றித்தான் உட்கார்ந்தார்கள்; கரண்ட் போனால் பால் பாக்கெட்டைக் கொண்டுவந்து அவள் இடுப்போரம் வைத்தார்கள்; பூக்காரி செல்லக்கண்ணு விற்காத மல்லிகையை அவள் மடியில் போட்டுவிட்டுச் சாப்பிடப் போவாள், திரும்பி வரும்போது மொட்டு மொட்டாகவே இருக்கும். அவளுடைய கணவன் மட்டும் கொஞ்சம் நியாயம் பேசினான். செத்துப்போனவளோடு குடும்பம் நடத்தினால் தன் ஆயுசு குறையும் என்று சொல்லி, கல்யாணத் தரகரிடம் ‘மனைவியை இழந்தவர்’ என்று எழுதிக் கொடுத்து, விழுப்புரம் பக்கம் ஒரு பெண்ணைக் கட்டிக்கொண்டு போனான். பாவம், அவனும் எத்தனை நாள்தான் தனியாக இருப்பான் என்று அதே தெருதான் சொன்னது. தனியாக! பக்கத்து அறையில் அவள் அவனுக்கு இட்லி ஊற்றிக்கொண்டிருந்தாள்.

பல்கலைக்கழகத்தில் எங்கள் துறையில் இதைச் சொன்னபோது ஒரு பேராசிரியர், “இதை ஒரு உருவகமாக எடுத்துக்கொள்ளலாம் இல்லையா?” என்றார். உருவகத்துக்கு ரேஷன் கார்டு கிடையாது, சார். உருவகம் மூன்றாம் நம்பர் வீட்டில் வாடகைக்கு இருக்காது.

முதல் பாகம் நூறு நாள் ஓடியது. நூறாவது நாள் விழா முடிந்த மறுநாள் காலை தணிகைமலை ஒரு கிலோ ஆப்பிளோடு சாலிகிராமத்துக்கு வந்து, வாசலிலேயே நின்றார். துணை நடிகர்களைப் படப்பிடிப்புக்கு அழைத்துப் போகும் ஏஜென்ட் டெய்சி அக்கா அப்போது அங்கே உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருந்ததால் நடந்தது அப்படியே நமக்குக் கிடைத்திருக்கிறது.

“அன்னைக்கு கேமராவுல பிலிம் இல்லக்கா.”

அஞ்சுகம் ஆப்பிள் பையை வாங்கி உள்ளே வைத்துவிட்டு வந்தாள். “எனக்கு மட்டுமா?”

“துணை நடிகருங்க யாருக்குமே இல்லக்கா. நான் வேலைக்குச் சேர்ந்து பதினோரு வருஷமா யாருக்கும் போட்டதில்ல.”

“அப்ப அவங்கல்லாம்?”

தணிகைமலைக்குத் தெரியவில்லை. எனக்கும் தெரியாது. அந்தப் பதினொரு வருஷத்தில் பிணமாகக் கிடந்த மற்ற பெண்களைத் தொட்டுப் பார்த்தவர் யாருமில்லை.

டெய்சி அக்காதான் விஷயத்தை நேராகப் பிடித்தாள். “இன்னா அஞ்சு, முழிக்கிற? சிரிப்பு முடியலடி. டைரக்டர் வாயால ‘கட்’ வரல. சினிமாவுல ஒருத்தர் சொன்னாத்தான் ஒண்ணு முடியும். அந்தாளைப் புடி, பிலிம் போட்டு ஒரே ஒரு சிரிப்பு எடுக்கச் சொல்லு, ‘கட்’ சொல்லச் சொல்லு, ஆச்சு.”

அவள் சொன்னது சரி என்று பிறகு தெரிந்தது, ஏனென்றால் மற்றதெல்லாம் செய்து பார்த்துவிட்டார்கள். போட்டோ ஸ்டூடியோவில் சிரித்தாள். கல்யாண வீடியோக்காரர் ஒருவர் இரக்கப்பட்டு ஒரு கேசட் முழுக்கச் சிரிக்கவைத்தார். தணிகைமலையே துண்டுப் பிலிம்களைச் சேர்த்து வாடகைக் கேமராவில் எடுத்தார். செல்போன் வந்த பிறகு தெருவே எடுத்தது. உடம்பு சூடாகவில்லை.

அஞ்சுகத்துக்கு உயிர் வேண்டும் என்பது பொதுவான ஆசை அல்ல. செத்தவள் செத்தவளாகவே வாழ்ந்துவிட முடியும் என்பதை அவள் ஒரு மாதத்திலேயே கண்டுகொண்டாள். எத்தனையோ பெண்கள் அப்படித்தான் இருக்கிறார்கள், அவர்களுக்கு நாடி ஓடுகிறது, அது ஒன்றுதான் வித்தியாசம். அவளுக்கு வேறு கவலை. சுகந்தி வளர்ந்துகொண்டிருந்தது. அஞ்சுகம் ஒரு கையால் ஏழு, எட்டு, ஒன்பது என்று எண்ணி, மறு கையை முப்பத்தொன்றில் மடக்கி வைத்திருந்தாள். “எம் பொண்ணு என்னைத் தாண்டிப் போறதுக்குள்ள எனக்கு வயசாகணும், டெய்சி. நான் அவளுக்குத் தங்கச்சியாயிடக் கூடாது.” இதுதான் அவள் கேட்டது, இவ்வளவுதான் கேட்டது. இந்தியில் மொழிமாற்றிய, நடுவிலே இரண்டு தயாரிப்பாளர்கள் மாறிய, ஒரு மேக்கப் கலைஞருக்கு விருது வாங்கிக் கொடுத்த ஒரு படவரிசையிடம் ஒரு பெண் கேட்டது, காலத்தோடு கிழவியாகும் உரிமை.

இரண்டாம் பாகத்துக்குக் கூப்பிட்டபோது ஓடினாள். பூஜை போட்ட அன்று காலையிலேயே குலோத்துங்கனிடம் எல்லாவற்றையும் சொன்னாள். அவர் பொறுமையாகக் கேட்டார் என்று எல்லாரும் சொல்கிறார்கள். கையைத் தொட்டுப் பார்த்தார், கேமராமேனைக் கூப்பிட்டு அவரையும் தொட்டுப் பார்க்கச் சொன்னார்.

“கண்டிப்பா எடுத்துடலாம்மா. ஆனா இப்ப வேணாம். இது அதே பொணம்மா, அதே பங்களா, மூணு நாள் கழிச்சு நடக்குற கதை. இப்ப எடுத்தா கன்டினியூட்டி போயிடும். அடுத்த பாகத்துல முதல் வேலை அதான்.”

கன்டினியூட்டி என்றால் ஒரு காட்சியில் இருந்த மாதிரியே அடுத்த காட்சியிலும் இருக்க வேண்டும் என்பது. வளையல் மாறக் கூடாது, பொட்டு நகரக் கூடாது. ஒரு பெண்ணின் சாவும் மாறக் கூடாது என்று அதை நீட்டிய முதல் ஆள் அவர்தான்.

அவருக்கு அது எவ்வளவு வசதி என்று பாருங்கள். மூச்சு அடங்கும்வரை காத்திருக்க வேண்டியதில்லை, ஆறு நிமிடம் தொடர்ந்து கேமரா அவள்மேல் சுற்றி வரலாம். ஈ உட்கார்ந்தால் இமை துடிக்காது. விமர்சகர்கள் அந்த ஆறு நிமிடத்தைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதினார்கள், மேக்கப்பைப் பாராட்டினார்கள். அவளுக்கு மேக்கப்பே போடவில்லை. விருது வாங்கிய கலைஞர் அதை மேடையிலேயே சொல்லியிருக்கலாம்; அவர் தன் குருவுக்கும் பெற்றோருக்கும் நன்றி சொன்னார்.

யூனிட்டும் பழகிக்கொண்டது. சாப்பாட்டு நேரத்தில் லைட்மேன்கள் இளநீரை அவள் கட்டிலுக்கடியில் அடுக்கினார்கள். முதல் நாள் ஷூட்டிங்குக்கு முன் அவள் காலைத் தொட்டுக் கும்பிடுவது ராசி என்று ஆனது. துணை நடிகர் சங்கத்தில் இறந்தவர் எப்படி உறுப்பினராக நீடிக்கலாம் என்று ஒருவர் ஆட்சேபம் கிளப்ப, மூன்று மணி நேரம் காரசாரமாக விவாதித்து, ‘படப்பிடிப்பு நேரத்தில் மட்டும் அவர் உயிரோடிருப்பவராகக் கருதப்படுவார்’ என்று ஒருமனதாகத் தீர்மானம் போட்டார்கள். பிணமாகக் கிடக்கிற நேரத்தில் உயிரோடு, வீட்டில் சோறு பொங்குகிற நேரத்தில் பிணம். தீர்மானத்தைப் படித்துக் காட்டியபோது அவளும் கை தட்டினாள் என்று டெய்சி அக்கா சொன்னாள். எனக்கு அதுதான் தாங்கவில்லை.

மூன்றாம் பாகத்தில் குலோத்துங்கன் சொன்னது, “சென்டிமென்ட்டும்மா, இப்ப உங்களைக் கலைச்சா படம் போயிடும்னு தயாரிப்பாளர் பயப்படறாரு.” நான்காம் பாகத்துக்குப் புதிய டிஜிட்டல் கேமராவும் கம்ப்யூட்டர்க்காரர்களும் வந்தார்கள். அவள் முகத்தில் நூற்று இருபது புள்ளிகள் ஒட்டி அளவெடுத்தார்கள், இனிமேல் பிணத்தை மெஷினே செய்துவிடும் என்றார்கள். அஞ்சுகம் அன்றைக்கு அவ்வளவு சந்தோஷப்பட்டாள், அப்ப என்னை விட்டுடுவீங்கதானே சார் என்று ஆளாளுக்குக் கேட்டாள். மெஷின் செய்த பிணத்தைத் திரையில் போட்டுப் பார்த்தபோது அது உயிரோடிருப்பது போலவே இருந்தது. பழையபடி அவளையே படுக்கவைத்தார்கள்.

சுகந்தி பத்தாம் வகுப்பு முடித்தாள், கல்லூரி முடித்தாள், எங்கள் பல்கலைக்கழக நூலகத்தில் தற்காலிக வேலைக்கு வந்தாள். கடையில், “உங்க சிஸ்டருக்கு இந்தக் கலர் எடுப்பா இருக்கும்” என்று இரண்டு பேரையும் பார்த்துச் சொல்ல ஆரம்பித்தார்கள். முதலில் அது அம்மாவைச் சொன்னது. பிறகு யாரை யாருக்குச் சொன்னது என்று தெரியவில்லை. சுகந்திக்குக் காதோரம் ஒரு நரை வந்த அன்று அஞ்சுகம் அதைப் பிடுங்கி, காகிதத்தில் மடித்து, குலோத்துங்கனின் அலுவலகத்துக்கு ரிஜிஸ்டர் தபாலில் அனுப்பினாள். ஒப்புகை அட்டை கையெழுத்தோடு திரும்பி வந்தது. வேறெதுவும் வரவில்லை. அந்த வருஷம் மட்டும் பதினாறு கடிதம். சுகந்தி எழுதினாள், அஞ்சுகம் சொல்லச் சொல்ல. ‘ஐயா, ஏப்ரலில் என் மகளுக்கு முப்பத்தொன்று நிறைந்துவிடும். ஆகஸ்டு வந்தால் நான்கு மாதமும் ஆகிவிடும். அதற்குள் ஒரு நாள், ஒரு நிமிடம்.’ கடைசிக் கடிதம் ஜூலையில் போனது.

ஆகஸ்டில் அந்த நாள் வந்தது. ஞாயிற்றுக்கிழமை. சுகந்தி சீப்பை எடுத்துக்கொண்டு அம்மாவின் பின்னால் உட்கார்ந்தாள்.

“தலையைக் குனி. இன்னையிலேருந்து நான்தான் பெரியவ. சொன்னதைக் கேக்கணும்.”

“போடி.”

“அக்காவைப் போடின்னு சொல்லலாமா? பல்லைப் பேத்துடுவேன்.”

அஞ்சுகம் திரும்பிப் பார்க்கவில்லை. “சுகா,” என்றாள், “நாளைக்கு உனக்கு அம்பது ஆகும், அறுவது ஆகும். உனக்குக் கொள்ளி வெக்கிறவரைக்கும் நான் இப்படியே இருந்து பாக்கணுமாடி?”

பின்னிய சடையைச் சுகந்தி அவிழ்த்துவிட்டு முதலிலிருந்து பின்னினாள்.

அக்டோபரில் குலோத்துங்கன் தானே போன் செய்தார். ஐந்தாம் பாகம் முக்கால்வாசி முடிந்திருந்தது. போட்டுப் பார்த்த இடங்களிலெல்லாம் ஜனங்கள் கொட்டாவி விட்டார்கள். பிணம் கிடப்பதை நான்கு தடவை பார்த்தாகிவிட்டது, பயம் தீர்ந்துவிட்டது. அதனால் கிளைமாக்ஸில் பிணம் எழுந்து உட்கார்ந்து சிரிக்க வேண்டும் என்று முடிவாகியிருந்தது. போஸ்டர்கூடத் தயார்: ‘இருபத்து நான்கு ஆண்டுகள் காத்திருந்த சிரிப்பு.’ அவர்கள் காத்திருந்தார்களாம்!

போவதா வேண்டாமா என்று வீட்டில் இரண்டு நாள் வாதம் நடந்தது. நூலகத்தில் சுகந்தியோடு பழகியதில் நானும் அங்கே இருந்தேன், போகத்தான் வேண்டும் என்றேன். சுகந்தி இன்னும் ஒரு படி மேலே போனாள்.

“எதுக்கு எடுத்தா என்னம்மா? அவங்க விளம்பரத்துக்கு எடுக்கட்டும், நமக்கு உடம்பு சூடாகுதுல்ல? எனக்குத் தங்கச்சியாவே இருந்துக்கோ, ரெண்டு மாசம் சின்னவளா இருந்துக்கோ. ஆனா என்கூடவே கிழவியாகு. சிரிச்சுட்டு வந்துடும்மா, உனக்கு என்ன போச்சு?”

அஞ்சுகம் கேட்டுக்கொண்டே அரிசி களைந்தாள். “வரேன்னு சொல்லு” என்றாள்.

வால்பாறை, அதே பங்களா, காலை பத்து மணி, நல்ல வெளிச்சம். எங்கிருந்தோ அதே பழைய பிலிம் கேமராவை வாடகைக்குப் பிடித்து, தலை முழுக்க நரைத்த தணிகைமலையை அதை ஓட்டுவதற்கென்றே வரவழைத்திருந்தார்கள். பஞ்சு, காசு, தாடைத் துணி, கட்டைவிரல் நூல் எல்லாம் கட்டி அவளைக் கூடத்தில் கிடத்தினார்கள். நூற்றைம்பது பேர் நின்றார்கள். விளம்பரக்காரர்கள் செல்போனைத் தூக்கிப் பிடித்திருந்தார்கள். சுகந்தியும் நானும் தூணோரம் நின்றோம். குலோத்துங்கன் கைத்தடியை ஊன்றிக்கொண்டு அஞ்சுகத்தின் தலைமாட்டுக்கு வந்து குனிந்தார்.

“அம்மா, இந்தத் தடவை பிலிம் இருக்கு. தணிகை, திறந்து காட்டுப்பா அவங்களுக்கு. பாத்துக்கங்க. புது ரோல். நானூறு அடி. நான் இங்கயேதான் நிப்பேன், எங்கயும் போக மாட்டேன். ‘கட்’ நானே சொல்றேன். போதுமாம்மா?”

அவர் குரல் உண்மையிலேயே தழுதழுத்தது. அதை நான் மறைக்க மாட்டேன்.

“கேமரா.”

“ரோலிங் சார்.”

“ஆக்‌ஷன். சிரிங்கம்மா.”

பிலிம் ஓடியது. அஞ்சுகம் கண்ணைத் திறந்தாள், எழுந்து உட்கார்ந்தாள். நெற்றிக் காசு மடியில் விழுந்தது, மூக்குப் பஞ்சை அவளே எடுத்துக் கீழே வைத்தாள். தாடைத் துணியின் முடிச்சை அவிழ்க்கக் கொஞ்சம் நேரம் பிடித்தது, யாரும் உதவிக்குப் போகவில்லை, ஷாட் ஓடிக்கொண்டிருந்தது. இருபது அடி, முப்பது அடி, நாற்பது அடி என்று தணிகைமலை உதடு அசையாமல் எண்ணினார். நாற்பதைத் தாண்டியது.

“சிரிங்கம்மா,” என்றார் குலோத்துங்கன் மறுபடி. பிறகு, “ப்ளீஸ்.” பிறகு, கூடத்தில் இருந்த எல்லாருக்கும் கேட்கும்படி, “உங்க உயிரும்மா இது, எனக்காக இல்ல, உங்களுக்காகச் சிரிங்க.”

அஞ்சுகம் முதலில் மகளைப் பார்த்தாள். சுகந்தி சரி என்று தலையை ஆட்டவுமில்லை, வேண்டாம் என்று அசைக்கவுமில்லை, அழுதுகொண்டிருந்தாள். அதன் பிறகு அஞ்சுகம் லென்ஸை நேராகப் பார்த்து, குரலை உயர்த்தாமல், குழாயடியில் தன் குடத்தைக் கேட்கிற மாதிரி சொன்னாள்:

“நான் சிரிச்சுக் குடுத்துட்டேன் சார். நீங்கதான் வாங்கி எங்கயோ வெச்சுட்டீங்க. தேடி எடுங்க.”